பதினொன்றாம் விதியும் என் வயிறும்

எனக்கு இரண்டு காரியங்கள் கைவராது. ஒன்று, சும்மா உட்கார்ந்திருப்பது. இன்னொன்று, சுருக்கமாக எழுதுவது. இந்த இரண்டு குறைகளும் ஒரே நாளில் கூட்டுச் சேர்ந்து என்னைச் சந்தி சிரிக்க வைத்தன. அந்தக் கதையை என் வீட்டார் முப்பது வருஷமாகச் சொல்லி வருகிறார்கள். அவர்கள் ஒட்டவைத்த கை கால்களை எல்லாம் கழித்துவிட்டு நானே ஒருமுறை சொல்லிவிடுவது நல்லது.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. இராஜபாளையத்தில் பஞ்சு வியாபாரிகள் சிலர் கமிட்டி வைத்து நடத்திய தர்ம வைத்தியசாலையில் ரைட்டர் வேலை. தற்காலிகம்தான். ஆனால் நிரந்தரம் என்று சொல்லித்தான் வன்னியம்பட்டியில் பெண் எடுத்திருந்தோம். (சொன்னது நான் இல்லை, தரகர். நான் மறுக்கவில்லை, அவ்வளவுதான்.) கல்யாணமாகி நாலு மாசம். மாமனார் எப்போது வந்தாலும் என் பென்ஷனைப் பற்றிப் பெருமையாகப் பேசுவார். நான் வெற்றிலைத் தட்டை அவர் பக்கம் நகர்த்துவேன்.

அந்தச் சமயத்தில் வைத்தியசாலையில் ஒரு குளறுபடி நடந்தது. பாட்டிலோடு வந்த இரண்டு பெண்கள் "வீட்டுல அவியளுக்கு" என்று மட்டும் சொல்ல, கம்பவுண்டர் மருந்தை மாற்றிக் கொடுத்துவிட்டார். மூட்டுவலிக்காரர் காய்ச்சல் கஷாயத்தை முட்டியில் தேய்த்துக்கொண்டு, வலி பறந்துவிட்டது என்று கும்பிட்டுவிட்டுப் போனார். தைலத்தைக் குடித்த காய்ச்சல்காரருக்குத்தான் கோபம். பிழைத்து எழுந்து நேரே கமிட்டிக்குப் போய்விட்டார்.

கமிட்டித் தலைவர் ஸ்ரீவில்லிபுத்தூர் வக்கீல். என்னைக் கூப்பிட்டார்.

"தெளிவா விதி எழுதிப் பலகையில போடும். வெள்ளிக்கிழமை வந்து பார்க்கிறேன். நல்லா நடந்தா உம்ம வேலை நிரந்தரம்."

அவ்வளவுதான், எனக்குத் தூக்கம் போயிற்று. நடந்துகொண்டே எழுதினேன், சாப்பிட்டுக்கொண்டே எழுதினேன். இருபத்திரண்டு விதிகள். 'இருமுகிறவர்கள் வெளியே இருமி முடித்துவிட்டு உள்ளே வர வேண்டும்' என்பது நாலாவது. எனக்கு மிகவும் பிடித்தது பதினொன்றாவது. 'நோயாளியின் பெயரை மருந்து வாங்க வருபவர் தம் வாயால் உரக்கச் சொல்ல வேண்டும். உறவு, அடையாளம், சைகை, பிறர் எடுத்துச் சொல்வது எதுவும் செல்லாது.' ஒரு ஓட்டை இல்லை என்று நானே என் முதுகைத் தட்டிக்கொண்டேன். பலகையின் அடியில் என் பெயரை, விதிகளைவிடப் பெரிய எழுத்தில் எழுதச் சொன்னேன்.

கம்பவுண்டர் காதர் மைதீன் பலகையைப் படித்துவிட்டுத் தாடியைத் தடவினார்.

"தம்பி, இந்தப் பதினொண்ணு இருக்கே..."

"அண்ணே, விதியில கைவைக்காதிய. எழுத்துக்கு எழுத்து நடத்துங்க, போதும்."

"அப்படியே ஆகட்டும் தம்பி" என்றார். அந்தக் குரலில் இருந்ததை இன்று நினைத்தாலும் கூசுகிறது.

வெள்ளிக்கிழமை காலை. பயம் பாதி, முதல்நாள் தின்ற ஆறு மாம்பழம் பாதி, என் வயிறு பிய்த்துக்கொண்டது. வைத்தியசாலையின் பின்சுவரை ஒட்டித்தான் எங்கள் வீடு. கொல்லைக்கும் ஜன்னலுக்குமாக ஓடிக்கொண்டிருந்தேன். என் மனைவி செண்பகம் பொறுக்க மாட்டாமல் பாட்டிலைக் கழுவி எடுத்துக்கொண்டு கிளம்பினாள்.

"செத்த நேரம் ஒரு இடத்துல இருங்க. வாங்கிட்டு வாரேன்."

ஜன்னலில் நின்றால் மருந்து கொடுக்கும் இடம் தெரியும், பேச்சும் கேட்கும். இருபது பெண்கள் பாட்டிலும் கையுமாக நின்றார்கள். ஆண்கள் எல்லாம் காட்டுவேலைக்கும் வண்டி ஓட்டவும் போயிருப்பார்கள், அல்லது படுத்திருப்பார்கள்.

"யாருக்கு தாயி?"

"மாடசாமியோட அப்பாவுக்குய்யா."

"உறவு செல்லாது. தள்ளி நில்லு" என்றார் காதர் மைதீன்.

அடுத்தவள் யோசித்தாள். "திருப்பதியில நிக்காருல்லா, அந்தச் சாமி பேருதான்."

"அடையாளம் செல்லாது தாயி."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. புருஷன் பெயரைச் சொன்னால் அவன் ஆயுசு குறையும் என்று நம்புகிற ஊரில், நோயில் கிடக்கும் புருஷன் பெயரை உரக்கச் சொல்லச் சொல்லியிருக்கிறேன்! ஓடிப்போய்ப் பலகையைக் கழற்றலாம் என்றால் வயிறு வேறு திசையில் இழுத்தது. திரும்பி வந்து பார்க்கிறேன், வாசலில் வக்கீலின் குதிரை வண்டி. உள்ளே டாக்டர் ஈ ஓட்டிக்கொண்டிருந்தார். ஒரு பாட்டிலில்கூட மருந்து விழவில்லை.

"என்ன கம்பவுண்டரே, ஏன் எல்லாரும் நிக்கிறாங்க?"

"விதிப்படி நடக்குதுங்க எசமான்."

அடுத்தது செண்பகம். என் மான மரியாதையும் நிரந்தர வேலையும் அந்தப் பாட்டிலோடு நின்றன.

"யாருக்கு தாயி?" அவருக்குத் தெரியாதா என்ன! தினமும் அவள் கையால் மோர் வாங்கிக் குடிக்கிறவர்.

செண்பகம் வாயைத் திறந்தாள், மூடினாள். நான் ஜன்னல் வழியாக என் பெயரை நானே கத்தினேன்.

"பிறர் சொல்றது செல்லாது!" என்றார் அவர், திரும்பிக்கூடப் பார்க்காமல்.

அவள் பலகையின் அடியில் இருந்த என் பெயரை விரலால் காட்டினாள்.

"சைகையும் செல்லாது தாயி."

செண்பகத்துக்குப் பொறுமை போய்விட்டது. பாட்டிலை ணங்கென்று வைத்தாள். "இந்த விதியை எழுதுனவியளுக்குத்தான்யா வயித்தால போகுது! காலையில இருந்து எம்புட்டு தடவைன்னு அவியளுக்கே கணக்கில்ல!"

இருபது பெண்களும் சிரித்தார்கள். டாக்டர் வெளியே வந்து சிரித்தார். வக்கீல் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நீயே சொல்லும்மா, என்ன கேட்டா சொல்லுவீங்க?" என்றார்.

"வீடு எங்கன்னு கேளுங்க. நோக்காடு என்னன்னு கேளுங்க. பேரை மட்டும் கேக்காதிய."

வக்கீல் என் ஜன்னலுக்கு வந்தார். "பலகையைச் சுரண்டிட்டு அந்தம்மா சொன்னதை எழுதும். நிரந்தரம் ஆறு மாசம் போகட்டும், பார்ப்போம்."

பின்னால் நின்ற செண்பகம் அதைக் கேட்டுவிட்டாள். வீட்டுக்குள் வந்ததும் மருந்தை நீட்டியபடி, "அப்ப இது நிரந்தர வேலை இல்லையா?" என்றாள். தரகர் தலையில் போட்டுப் பார்த்துவிட்டு, இல்லை என்று ஒப்புக்கொண்டேன். மருந்தைத் தம்ளரில் ஊற்றினாள். பிறகு, "எங்கய்யாகிட்ட சொல்லமாட்டேன். மருந்தக் குடிங்க" என்றாள். அந்த ஆறு மாசமும் என் மாமனார் பென்ஷன் பேச்சை எடுக்கும்போதெல்லாம் அவள் அடுப்படிக்குள் போய்விடுவாள்.

பலகையில் 'வீடும் நோயும் சொல்லி மருந்து வாங்கிக்கொள்ளவும்' என்ற ஒரே வரி வந்தது. நான் எழுதியதிலேயே நிலைத்தது அதுதான், அதுவும் என்னுடையது இல்லை. வேலை நிரந்தரம் என்ற உத்தரவும் ஒருவழியாக வந்தது.

செண்பகத்துக்கு அந்த வெள்ளிக்கிழமை ஒரு வசதி கிடைத்துவிட்டது. "ஏட்டி, பதினொண்ணாம் விதியைச் சாப்பிடக் கூப்பிடு" என்று மகளிடம் சொல்வாள். இப்போது மருமகனும் வாய்க்குள் சிரித்துக்கொண்டு அப்படித்தான் சொல்கிறார். என் பெயரை அவள் வாயால் ஒரே ஒருமுறை கேட்க எனக்கு ஆசை உண்டு. ஆனால் அதற்கென்று ஒரு விதி எழுத இன்றுவரை எனக்குத் தைரியம் வரவில்லை.