ராஜிக் காயிதத்தில் ரேகை வைத்தவர்கள்

சிரஞ்சீவி மருமகன் பாண்டுரங்கனுக்கு, உன் தாய்மாமன் வேதகிரி வாயால் சொல்ல, ஞானதாஸ் வாத்தியார் எழுதுவது. உனக்கும் உன் சம்சாரத்துக்கும் பிள்ளைகளுக்கும் நூறு வயசு. இவ்விடம் எல்லாரும் சுகம் என்று முதலில் எழுதவேண்டுமாம், வாத்தியார் பேனாவைத் தூக்கிக்கினு காத்திருக்கார். சுகம் இல்லை என்று சொன்னேன். எழுதாவிட்டால் மரியாதை இல்லையாம். அதனால் ஆடு மாடு சுகம்.

தனுஷ்கோடியைக் கடல் வாரிக்கினு போச்சே, அதுக்கு மறு வருசம், இந்தப் போன வருசம்தான். பசங்க இந்தி வேணாம்னு ரயிலை மறிச்சாங்க, நம்ம பெரிய ஏரி காஞ்சு வெடிச்சுக் கிடந்தது, அதே வருசம்தான் வடக்கே பாகிஸ்தான் சண்டை வந்தது. வடக்கே வந்தது வடக்கேயே நிக்கும்னு நினைச்சேன். நீ மூர் மார்க்கெட்டில் வாங்கி ஒரு மூட்டை காக்கி நிஜார் அனுப்பினாயே, நல்ல மனசோடதான் அனுப்பினே, ஆனா அதைப் போட்டுக்கினதும் நம்ம மேட்டுத்தெருப் பசங்களுக்கு நடையே மாறிப்போச்சு. பட்டாளத்தில் ஹவில்தாரா இருந்து திரும்பின வீராசாமி, இத்தனை நிஜாரைச் சும்மா விடலாமான்னு அவங்களை வரிசையா நிறுத்திப் படை கட்டிட்டான். பாகிஸ்தான்காரன் வந்தா செங்கல்பட்டு பஸ்ஸில் இறங்கி, கால்வாய் ஓரமாத்தான் நடந்து வருவானாம். அந்த வழியில ஆள் உயரத்துக்குக் குழி தோண்டினாங்க. பாகிஸ்தான்காரன் வரலே, சினையாடு ஒண்ணு விழுந்து செத்தது. ஏரோப்ளேன் பார்த்துடும், ஒருத்தரும் விளக்கு ஏத்தக்கூடாதுன்னு வீராசாமி உத்தரவு போட்டான். கெரசின் கிடைக்காத தெருவில எல்லாரும் மதிச்ச உத்தரவு அது ஒண்ணுதான்.

கால்வாய்க்கு அந்தாண்ட பள்ளத்தெருக்காரங்க பார்த்தாங்க. இந்தக் குழி நமக்குத்தான்னு முடிவு பண்ணி அவங்களும் ஒண்ணு தோண்டினாங்க. எதிரும் புதிருமா ரெண்டு குழி இருந்தா நடுவில கல்லு தானா பறக்குது மருமவனே. எவன் முதல்ல எறிஞ்சான்னு தெரியாது. என் சம்பந்தி முனியனுடைய தம்பி மவனுக்கு வலது கண்ணு போச்சு. மீசை அரும்பாத பையன். அன்னியோட யாரும் சிரிக்கலே. போக்குவரத்தும் நின்னுபோச்சு. என் மவ அம்முலுவைக் குடுத்தது அந்த முனியன் வூட்லதானே? அவளுக்கு நிறைமாசம். இந்தாண்ட நின்னு பார்த்தா அவ துணி உலர்த்தறது தெரியுது. கூப்பிட்டா காது கேட்கும், ஆனா போகக்கூடாது. அந்தப் பக்கம் தடியை வச்சிக்கினு காவல் நிக்கிறவன் அவ புருசனே. "கோச்சுக்காத மாமா, உத்தரவு"ங்கிறான். பெத்தவ இல்லாத பொண்ணு, வலி எடுத்தா யாரைக் கூப்பிடுவா?

தை பொறக்கறதுக்கு முன்னாடி, எங்கியோ பனி விழுற தேசத்தில ரெண்டு தேசமும் ராஜியாப் போச்சுன்னு பஞ்சாயத்து ரேடியோ சொல்லிச்சு. அவ்ளோ பெரிய தேசமே ராஜியாப் போச்சே, நாமளும் ராஜிநாமா எழுதிடலாம்னு கூட்டத்தில நான்தான் சொன்னேன். நம்ம காலத்தில கோர்ட்டில ரெண்டு பேரும் சமாதானமாப் போனா அதுக்குப் பேரு ராஜிநாமா. வீராசாமி பட்டாளத்தில வேற மாதிரி கத்துக்கினு வந்துகீறான்.

"யாரு ராஜிநாமா பண்றது? நானா? வேலையை வுட்டுப் போகச் சொல்றியா பெரியப்பா?"

"இன்னா வேலைடா?"

"படைத் தலைவன் வேலை!"

"அது வேலைன்னா, நான் முதுகு சொறியறதும் உத்தியோகம்தான் போ!"

ஒருவழியா அடங்கினான். இனிக் கல்லெறிவதில்லை, குழிகளைத் தூர்ப்பது என்று வாத்தியார் அழகா எழுதினார். விடிஞ்சா ரேகை வைக்கணும். விடிஞ்சா ரேடியோ அழுவுது. ராஜியில கையெழுத்துப் போட்ட நம்ம டில்லி பிரதம மந்திரி, போட்ட அன்னிக்கு ராத்திரியே அந்த ஊர்லயே கண்ணை மூடிட்டாராம். ரெண்டு தெருவும் கால்வாய்க்கு ரெண்டு பக்கமும் உட்கார்ந்து ஒண்ணா அழுதாங்க. அழுது முடிச்சு, மூக்கைச் சிந்தி, எல்லாரும் கட்டைவிரலை மடக்கிக் கைக்குள்ள வச்சிக்கினாங்க. ராஜியில கை வச்சவன் பிழைக்கமாட்டானாம். குழியில இறங்க அவ்ளோ பேரு, ரேகை வைக்க ஒருத்தன் இல்லே.

கடைசியில, கிழங்க வைக்கட்டும்னு பேசி முடிச்சாங்க. இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் முனியன்.

"சம்பந்தி, நீ மூத்தவன், முதல்ல வை"ன்னேன் நான்.

"யாருய்யா மூத்தவன்? எனக்கு மீசை முளைக்கசொல்ல நீ பொண்ணு பார்த்துக்கினு திரிஞ்சே!"

"பல்லு போனவன் பேச்சைப் பாரு! வாயைத் திற, ஊரு பார்க்கட்டும்."

"சரி வா, ஒண்ணாவே வைப்போம். ஒரே சாவு மேளத்தோட போச்சு."

வச்சோம். மறுநாள் எழுந்து இருமினேன். வாசல்ல கூட்டம். "இருமறாருப்பா"ன்னு ஒருத்தன் சொன்னான், கையில கிடைச்சது நழுவினவன் மாதிரி. அந்தாண்ட முனியன் ரெண்டாம் தரம் கூழு கேட்டானாம். ரெண்டு கிழமும் கல்லு மாதிரி கீதுங்க, இது இன்னா ராஜி, பெரிய ராஜி ஆளையே வாங்கிச்சே, இது பிடிச்சுக்கலேன்னு சொல்லிட்டுப் பசங்க திரும்பவும் குழியில இறங்கிட்டானுங்க. வீராசாமி விசில் ஊதறான்.

ஆகையால் நீ கடுதாசி கண்டவுடன் பஸ் ஏறி வந்து, நிஜாரையெல்லாம் கழட்டி வாங்கிக்கினு போகவேண்டியது. பாதிச் சண்டை அதோட போயிடும். மீதிப் பாதிக்கு வீராசாமியையும் பட்டணத்துக்குக் கூட்டிக்கினு போ. அம்முலுவுக்கு வலி எடுக்கறதுக்குள்ள நான் கால்வாயைத் தாண்டணும். வேற ஒண்ணும் கேட்கலே. எல்லையம்மன் உன் குடும்பத்துக்குத் துணையா நிக்கட்டும். உன் பெரிய பொண்ணுக்கு என் முத்தம்.

இப்படிக்கு,
வேதகிரி (ரேகை)

பின்குறிப்பு: வாத்தியாருக்குக் காய்ச்சல், கடுதாசி போடாமலே கெடந்தது. இப்போ நீ வரவேணாம். முனியன் போன வெள்ளிக்கிழமை வெயில் காய உட்கார்ந்தவன் எழுந்திருக்கலே. ராஜி பிடிச்சுக்கிச்சுன்னு ரெண்டு தெருவும் ஒரே வாயாச் சொல்லிச்சு. தோண்டின பசங்களே ரெண்டு குழியையும் தூர்த்தாங்க, அது மேலதான் பாடை போச்சு. பொஞ்சாதி நிறைமாசமா கீறவன் தூக்கக்கூடாதுன்னு அம்முலு புருசனை நிறுத்திட்டாங்க, கண்ணு போன பையன்தான் முன்னால நெருப்புச் சட்டி தூக்கினான். நான் தாண்டிப் போனேன். அம்முலு வயித்தைப் புடிச்சிக்கினு அழுதா. "ராஜி வந்துடுச்சு நைனா"ன்னா. வந்துதான் கீது. ஆனா ஒரு பக்கம்தான் பிடிச்சுகீது, மேட்டுத்தெரு பக்கம் இன்னும் பிடிக்கலேன்னு பள்ளத்தெருவில பேச்சு. வீராசாமி தினம் காலையில வந்து, "உடம்பு எப்படி கீது பெரியப்பா?"ன்னு ரொம்ப மரியாதையா விசாரிக்கிறான். அந்தக் காயிதத்தில ரேகை வச்சவங்கள்ல இன்னும் உசிரோட கீறது உன் தாய்மாமன் வேதகிரி ஒருத்தன்தான்.