சூரியன் மறையாத படம்

ஒரகடம் வட்டாரத்தில் சுறாவிடம் திட்டு வாங்காத ஆள் யாராவது உண்டென்றால், அவர் அன்றைக்கு லீவு போட்டிருப்பார். தூத்துக்குடிப் பக்கத்துக் கடற்கரைக்காரர், எதிர்ப்பட்டவரையெல்லாம் கடிப்பார். அதனால் எங்கள் வல்லம் வடகால் ஹாஸ்டலில் அவர் பெயர் சுறா. கார் பாகங்கள் செய்யும் கம்பெனியில் என்னோடு கான்ட்ராக்ட் வேலை. லீவு கிடைக்கும்போதெல்லாம் ஊருக்கு ஓடி, மீனவர்களைப் பற்றித் தனியாளாக ஆவணப்படம் எடுத்தார். ஆறு வருஷம்.

படத்தில் சூரியன் மறைகிற காட்சி உண்டா என்று கேட்டுவிடக் கூடாது; நான் என்ன காலண்டருக்கா படம் எடுக்கிறேன் என்று பாய்வார். எங்கள் ரூம் காலண்டரில் கடலோர அஸ்தமனம் அச்சாகியிருந்தது. அதைச் சுவர்ப் பக்கம் திருப்பி மாட்டிவிட்டார். மூன்று மாதம் எங்களுக்குத் தேதியே தெரியவில்லை.

கம்பெனி ஆண்டு விழாவன்று கேன்டீனில் அந்தப் படத்தைப் போடலாம் என்றார் எச்.ஆர். மேலாளர். சுறா சட்டைக்கு இஸ்திரி போட்டார்; ஹாஸ்டலே வேடிக்கை பார்த்தது. ஆனால் விழாவுக்கு முதல் நாள் படத்தைப் பார்த்த மேலாளர், நல்லதாக ஒரு பாட்டு சேர்க்கச் சொன்னார். கடலில் கணவனைப் பறிகொடுத்த பெண் நான்கு நிமிடம் பேசாமல் கேமராவையே பார்க்கும் இடத்தை வெட்டச் சொன்னார். வஞ்சிரம் வறுவலோடு விருந்து வைத்திருக்கிறோம், சாப்பிடுகிற நேரத்தில் எதற்குச் சங்கடம் என்றார்.

"மீன் வேணும். பிடிக்கப் போனவன் பொண்டாட்டி மூஞ்சி மட்டும் வேண்டாம். அப்படித்தான சார்?" என்றார் சுறா.

கம்ப்யூட்டரிலிருந்து பென்டிரைவைப் பிடுங்கியவர், கோபத்தில் மவுசையும் சேர்த்துப் பிடுங்கிக்கொண்டு வந்துவிட்டார். மறுநாள் அதைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது, இனி வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அன்று மத்தியானம் விழாப் பந்தியில் நானும் உட்கார்ந்து அந்த வறுவலைத் தின்றேன். அதற்காக என் மேல் எனக்குள்ள கோபம் இன்னும் தீரவில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பகலில், ஹாஸ்டல் சாப்பாட்டு அறையின் ஜன்னல்களை அடைத்து, பெட்ஷீட் கட்டிப் படம் போட்டார். அந்தப் பெண் திரையில் வந்ததும் சமையல்கார கன்னியம்மா கேட்டார்: "இன்னாபா, இந்தம்மா ஒண்ணும் பேசாம குந்திகினு கீது?"

சிலர் சிரித்தார்கள். இரண்டாவது நிமிடத்தில் சிரிப்பு நின்றது. கடைசியில் அந்தப் பெண், "தேடுறத நிறுத்திட்டாவ" என்றார். அவ்வளவுதான் பேசினார்.

அது யார் என்று கன்னியம்மா மெதுவாகக் கேட்டார்.

"எங்க மதினி. போனது எங்க அண்ணன்."

நான்கு வருஷம் அவரோடு ஒரே ரூமில் இருந்தவன் நான். எனக்கே அது தெரியாது. முன்கோபி என்று மட்டும் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன்.

சுறா ஊருக்கே போய்விட்டார். போன மாதம் அங்கே மாதா கோயில் முற்றத்தில் படம் போட்டார், நானும் போயிருந்தேன். பக்கத்து ஊரிலிருந்து வந்த ஒரு பெரியவர் என்னைக் காட்டி, இது உன் தம்பியா என்று அவரிடம் கேட்டார்.

அவர் வாயைத் திறப்பதற்குள், ஆமாம் என்று நான் சொல்லிவிட்டேன்.