நண்டு வக்கீலைக் காணோம்

நண்டு வக்கீலை ஒளித்துவைத்த தீப்பெட்டியைக் காணோம். மேஜைமேல் இருந்த பெட்டியெல்லாம் டசன் டசனாகத் தாள் சுற்றிக் கிடந்தது. தீப்பெட்டித் தொழிற்சாலையின் பேக்கிங் மேஸ்திரி லிங்கராஜ் ஒவ்வொரு கட்டாகப் புரட்டிப் பார்த்தார்.

நண்டு வக்கீல் என்பது ஒரு பொம்மை. லிங்கராஜ் சின்ன வயதில் உயிராகப் படித்த படக்கதை ஒன்றில் வரும் ஆமைத் துப்பறிவாளன், காக்கா ஏட்டு, நண்டு வக்கீல் எல்லாரையும் ஒரு பிஸ்கட் கம்பெனி இப்போது விரல்நகம் அளவுக்குச் செய்து பாக்கெட்டுக்குள் போட்டு விற்றது. கறுப்பு அங்கி, கொடுக்கில் சட்டப் புத்தகம். அத்தனூண்டு வக்கீலைப் பார்த்தால் நாற்பத்திரண்டு வயதிலும் மனசு கேட்காது. கோவில்பட்டியில் யாருக்கும் அகப்படாத அது அன்று காலை அவருக்கு அகப்பட்டது.

ரசித்துக்கொண்டிருக்கும்போதே வாசலில் முதலாளியின் கார் வந்து நின்றது. கைக்குக் கிடைத்த பெட்டியின் குச்சிகளைக் கொட்டிவிட்டு வக்கீலை உள்ளே வைத்து மூடினார். முதலாளிக்குக் கும்பிடு போட்டுத் திரும்புவதற்குள், பெட்டி கட்டும் பொன்மணி அதையும் சேர்த்துக் கட்டிவிட்டாள்.

போன வாரம்தான் பெட்டிக்குள் பீடித்துண்டு கிடந்ததென்று சரக்கு திரும்பி வந்திருந்தது. இனி குச்சியைத் தவிர வேறு எது இருந்தாலும் மேஸ்திரி வேலையை விட்டு வீட்டுக்குப் போகலாம் என்று முதலாளி சுந்தரபாண்டியன் சொல்லியிருந்தார். சொன்னதைச் செய்கிற மனிதர்.

"பொன்மணி, கட்டெல்லாம் பிரி."

"எதுக்கு அண்ணாச்சி?"

"குச்சி குறையுதாம். தொறக்க வேண்டாம். காதுகிட்ட வச்சு ஆட்டிப் பாருங்க. சத்தம் மாறுனா எங்கிட்டக் குடுங்க."

இருபது பெண்கள் ஆட்டினார்கள். அண்ணாச்சிக்குச் சித்தம் கலங்கிவிட்டதா என்று இரண்டு பேர் கண்ணால் பேசிக்கொண்டார்கள்.

"எல்லாம் ஒண்ணு போலத்தான் கேக்கு," என்றாள் பொன்மணி.

"மொத்தமா ஆட்டுனா அப்படித்தான். ஒவ்வொருத்தரா ஆட்டுங்க."

ஒருத்தி ஆட்ட, பத்தொன்பது பேர் சும்மா இருந்தார்கள். எத்தனை இரைச்சல் கேட்டாலும் அசையாத முதலாளி, வேலைச் சத்தம் நின்றதும் எழுந்து வந்துவிட்டார்.

"என்னவே நடக்கு இங்கன?"

"குச்சி ஈரமா இருக்கான்னு பாக்கோம் மொதலாளி."

"குறையுதுன்னுல்ல சொன்னீக?" என்றாள் பொன்மணி.

"ஈரத்துல குறையும்," என்றார் லிங்கராஜ்.

முதலாளி நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "அத்தனையையும் தொறங்க. நானே பாக்கேன்."

பன்னிரண்டாவது பெட்டியில் வக்கீல் அவர் உள்ளங்கையில் விழுந்தார்.

முதலாளி அதை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மூச்சு பெரிதாக வந்தது. "இது யாரு வேலை?"

பொன்மணியின் முகம் வெளிறியதைப் பார்த்ததும் லிங்கராஜுக்குப் பொய் வரவில்லை. "என் வேலைதான் மொதலாளி. அது என்னோடது."

"இது எங்கிட்ட இருக்கட்டும். நீரு வேலையப் பாரும்."

வக்கீலைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு முதலாளி விறுவிறுவென்று தம் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

லிங்கராஜுக்கு அப்போதுதான் உயிர் வந்தது. வேலை போகவில்லை. நண்டு போனால் போகிறது. ஆனால் முதலாளி ஏன் ஒரு வார்த்தை திட்டவில்லை என்பதுதான் விளங்கவில்லை.

முதலாளியின் கார் டிரைவர், கடற்கரை என்று பேர், வயிற்றைத் தடவிக்கொண்டே வந்து லிங்கராஜின் கையைப் பிடித்துக்கொண்டான்.

"நீங்க நல்லா இருக்கணும் அண்ணாச்சி. இந்த ஒரு நண்டுக்காக மொதலாளி ஒரு மாசமாப் பிஸ்கட்டா வாங்குதாக. அவியளுக்குச் சர்க்கரைன்னு அம்புட்டையும் திங்கது நாந்தான்."