பட்டியலில் வராத கிரிக்கெட்

வில்லரே,
ஞாயிறு, பூசை முடிந்து வந்து.

பாசத்துக்குரிய மச்சான் றெக்ஸ் அறிய,

உன் மச்சான் எமிலியானுஸ் எழுதிக்கொள்வது. மடுமாதாவின் புண்ணியத்தில் நானும் றோசாவும் சுகம். உன் சுகத்தையும் என் தங்கச்சி ஜொய்சியின் சுகத்தையும் பிள்ளைகளின் சுகத்தையும் அந்தத் தாயே பார்த்துக்கொள்ளட்டும். ஒரே நகரத்தில் இருந்துகொண்டு தபாலில் கடிதம் போடுகிறானே என்று நீ சிரிப்பாய். சிரி. போன் எடுத்தால் உன் மகள் "பொன்ஜூர்" என்கிறாள், நான் "அப்பா நிக்கிறாரோ பிள்ளை?" என்று கேட்டால் பிரெஞ்சில் ஏதோ நீட்டிச் சொல்லிவிட்டு வைக்கிறாள், அதில் எனக்கு விளங்குவது கடைசி "மெர்சி" மட்டும்தான். நேரே வருவோமென்றால் மெற்றோ, பேந்து ஒரு பஸ், பேந்து இன்னொரு பஸ், அந்தக் கடைசி பஸ் தனக்கு மனம் வந்தால்தான் வரும். வீடு வாங்க உனக்கு இல்-பிசாரை விட்டால் வேறு இடமே கிடைக்கவில்லையோ?

விஷயத்துக்கு வருகிறேன். மகன் மதுஷன் வேலைக்காக லொங்குய்யுக்குக் குடிபோய்விட்டான். போகும்போது தன் லப்டொப்பை என்னிடம் தந்து, "அப்பா, இது கேம் விளையாடவெண்டே வாங்கினது, நல்ல கிராபிக்ஸ் கார்ட் கிடக்கு, சும்மா தூசி பிடிக்க விடாதேங்கோ" என்றான். எங்கள் பழைய கொம்பியூட்டரில் இருந்த எல்லாவற்றையும் அதற்குள் ஏற்றியும் தந்தான். எந்தப் பழைய கொம்பியூட்டர் என்று கேட்காதே மச்சான், உனக்குத் தெரியும். நீயும் நானும் யோசெப் அண்ணையும் ஒன்றாயிருந்த அந்த பேஸ்மென்டில் இருந்ததுதான். ஜன்னலைப் பனி மூடிவிட்டால் பகலோ இரவோ தெரியாது. ஹீட்டர் சத்தம் போடும், சூடு தராது. கொம்பியூட்டரின் பெட்டித் திரைக்குப் பின்னால் கையை வைத்துத்தான் குளிர்காய்ந்தோம். கீபோர்டு ஒன்று, ஆள் இரண்டு. அம்புக்குறிப் பக்கம் நீ, எழுத்துப் பக்கம் நான், உன் முழங்கை எப்போதும் என் விலாவுக்குள். யோசெப் அண்ணை றெஸ்ரோறன்டில் கோப்பை கழுவிவிட்டு வந்து, ஜாக்கெட்டைக்கூடக் கழற்றாமல் கட்டிலில் இருந்து "அடியடா, அடியடா" என்று கத்துவார், விளையாடக் கூப்பிட்டால் மட்டும் "விரலெல்லாம் ஊறிப்போச்சு, பட்டன் அமத்தேலாது" என்பார். பேந்து ஒரு நாள் அந்தக் கிரிக்கெட் கேமில் ஆட்டக்காரரின் பெயரை மாற்றலாம் என்று நீ கண்டுபிடித்தாய், தொடக்க ஆட்டக்காரருக்கு யோசெப் என்று பெயர் வைத்தாய். தன் பெயரைத் திரையில் கண்ட அன்றுதான் மனிசன் முதல்முறையாக ஜாக்கெட்டைக் கழற்றினார். ஆனால் ஒருபோதும் ஐம்பது அடித்ததில்லை. நாற்பதைத் தாண்டியதும் அவுட், உடனே உன் தலையில் ஒரு குட்டு, "நானெங்கையடா அவுட், நீயெல்லோ அவுட்!"

அந்தக் கேமைத்தான் தேடினேன். கிராபிக்ஸ் கார்டோடு கூடவே ஒரு செயலி வருகிறது, மதுஷன் எந்தக் கேமையும் அதிலிருந்துதான் திறப்பான். திறந்து பார்த்தால் பட்டியலில் துவக்குச் சூட்டுக் கேமும் கார் கேமும்தான் நிற்கிறது, கிரிக்கெட்டைக் காணோம். அவனுக்குப் போன் எடுத்தேன். "கடையில வாங்கி இறக்கின கேமைத்தான் அது தானாக் கண்டுபிடிக்கும் அப்பா. பழசை நீங்கள்தான் கையால சேர்க்கவேணும். பிளஸ் அடையாளத்தை அமத்தி, எந்த ஃபோல்டரெண்டு காட்டுங்கோ" என்றான். எந்த ஃபோல்டர் என்று யாருக்குத் தெரியும்? காணாமற்போனதைத் தேடித் தருகிறவர் அந்தோனியார் என்பதால் அவருக்கு ஒரு மெழுகுதிரி கொளுத்தினேன், கொளுத்திய தைரியத்தில் ஃபோல்டரைக் காட்டாமல் முழு டிஸ்க்கையும் காட்டிவிட்டேன். கடவுளே, அந்தச் செயலி கண்ணில் பட்டதையெல்லாம் கேமென்று சேர்த்துக்கொண்டது. வருமானவரி கேம். கல்குலேட்டர் கேம். கோயில் பாட்டுகளைத் திரையில் காட்ட நான் வைத்திருக்கிறதும் கேம். கிரிக்கெட் மட்டும் கேமில்லை. அன்றிலிருந்து எதைத் திறந்தாலும் மேல் மூலையில் பச்சையாய் ஒரு எண் எரிந்தது. நான் அதை ஒரு பொருட்டாய் எடுக்கவில்லை.

எடுத்திருக்க வேண்டும். பிள்ளைகள் முதன்முதலாய் நற்கருணை வாங்குகிற முதல்நன்மைப் பூசைக்கு அதே லப்டொப்பைத்தான் கொண்டுபோனேன். எங்கள் கோயில் வழக்கம் உனக்குத் தெரியும். பாட்டின் எண்ணைத் திரையின் மேல் மூலையில் போடுவோம், வயதுபோன ஆட்கள் திரையில் சொற்களை வாசிக்கமாட்டார்கள், எண்ணைப் பார்த்துப் புத்தகத்தை விரிப்பார்கள். நான் போட்ட எண்ணை மறைத்துக்கொண்டு பச்சையில் அறுபது நின்றது. அறுபதாவது என்ன பாட்டு? அடக்கப் பாட்டு! வெள்ளை உடுப்பும் மெழுகுதிரியுமாகப் பிள்ளைகள் வரிசையாய் உள்ளே வர, முன்வாங்கில் இருக்கிற வயதுபோன ஆட்கள் எல்லோரும் உருகி உருகிப் பிரேதத்தை வழியனுப்புகிறார்கள். மைக்கில் நின்ற றோசா சரியான பாட்டை இன்னும் பலமாய்ப் பாடினாள், அவர்களும் விட்டுக்கொடுக்கவில்லை. அதற்குள் அந்த எண் ஐம்பத்தொன்பதுக்கு இறங்கிற்று, அது நத்தார்ப் பாட்டு, வலப்பக்கத்து வாங்குகள் பாலன் பிறந்துவிட்டார் என்று தொடங்கிவிட்டன. பூசை வைத்த சுவாமி பீடத்திலிருந்து என்னைப் பார்த்த பார்வையை நான் எழுதமாட்டேன். நொடிக்கு எத்தனை படம் ஓடுகிறது என்று காட்டுகிற எண்ணாம் அது, மதுஷன் பேந்துதான் சொன்னான். வீட்டுக்கு வந்து றோசா சொன்னாள்: "உங்கட கிரிக்கெட்டால அந்தப் பிள்ளையளை உயிரோட அடக்கம் பண்ணிப்போட்டியள்."

எல்லாவற்றையும் ஒவ்வொன்றாய் நீக்கிவிட்டேன் மச்சான். கிரிக்கெட் ஃபோல்டரையும் கண்டுபிடித்துவிட்டேன். ஆனால் அதற்குள் ஒரே முகத்தோடு சில கோப்புகள் நிற்கின்றன. ஒன்று கேமைத் திறக்குமாம், ஒன்று திருத்துமாம், ஒன்று முழுதாய் அழித்துவிடுமாம். கையால் சேர்க்கும்போது எதைக் காட்டுவது? பிழையானதை அமத்தினால் எல்லாம் போச்சு. அன்று அதை ஏற்றினவன் நீ, உனக்குத்தான் தெரியும். ஆகவே நீ நேரே வரவேண்டும். போன மாரியில் யோசெப் அண்ணையை அடக்கம் செய்த அன்று, கோயில் வாசலில் நின்று "பேந்து வாறன் மச்சான்" என்றாய். அந்தப் பேந்து எப்ப வரும்? அவரிட்டையும் நாங்கள் ரெண்டுபேரும் அப்படித்தானே சொல்லிக்கொண்டிருந்தனாங்கள். மறைப்பானேன், எனக்கு உன்னைத் தேடுது.

ஜொய்சிக்கு அண்ணையின் அன்பு, பிள்ளைகளுக்கு முத்தங்கள். மாதா உங்கள் வாசலை விட்டு அகலாதிருக்கட்டும், அந்த பஸ்ஸுக்கும் நல்ல புத்தி கொடுக்கட்டும்.

இப்படிக்கு,
உன் மச்சான்
எமிலியானுஸ்

பி.கு.: றோசா இதை வாசித்துவிட்டு, பொய்க் கடிதத்துக்கு முத்திரை ஒட்டமாட்டேன் என்று நிற்கிறாள். சரி. எந்தக் கோப்பு என்று எனக்குத் தெரியும். செயலியில் சேர்க்கவே தேவையில்லையாம், கோப்பை நேரே தட்டினாலே கேம் திறக்குமாம், மதுஷன் சொன்னான், போன கிழமையே திறந்துவிட்டேன். நாங்கள் விட்ட இடத்திலேயே நிற்கிறது. யோசெப் அண்ணை துடுப்போடு நிற்கிறார், ஐம்பதுக்கு இன்னும் மூன்று ஓட்டம். பந்து என் கையில். அம்புக்குறியில் உன் விரல் இல்லாமல் நான் வீசினால் மனிசன் அவுட்டாகிவிடுவார், அதனால் தொடவில்லை. லப்டொப்பை அணைக்கவும் மனம் வரவில்லை, இன்றைய பூசைக்குத் திரை இல்லாமல் எல்லோரும் புத்தகத்தைப் பார்த்துத்தான் பாடினார்கள். கெதியா வா மச்சான். மெதுவாய்த்தான் போடுவன்.