எல்லைக்கு வடக்கே ஒரு விமானி

எதிரி மண்ணில் விழுந்த விமானியை மீட்கும் கலை, உலகம் அதுவரை காணாத உச்சத்தை 1988 மே மாதக் கடைசியில் செஞ்சியில் தொட்டது. ஊர்க் குழு நடத்திய ஒத்திகைதான். ஆனாலும் உச்சம்.

திருவண்ணாமலை சாலைக்குத் தெற்கே நம் நாடு. வடக்கே, ராணிக்கோட்டை மலை, எதிரி நாடு. எதிரிகளைப் பக்கத்து ஊரான வல்லத்திலிருந்து வரவழைத்திருந்தார்கள்.

விமானி, தையல்காரர் மஜீத். பாராசூட்டைத் தைத்தவர் என்பதால் பதவி தானாக வந்தது. பாதி மலையில் ‘விழுந்து’ கிடக்க வேண்டும் என்பது தீர்மானம். ஏறும்போதே அவர் நிஜமாக விழுந்தார். வலது கணுக்கால் வீங்கிவிட்டது. தையல் மிஷின் மிதிக்கிற கால். கடையில் பள்ளிச் சீருடைத் துணி குவிந்து கிடந்தது.

"கால் ஒடிஞ்சிட்டுது சார்! ஆள அனுப்புங்க!"

சாலைக்கு அப்பால் பந்தலிலிருந்து மீட்புக் குழுத் தலைவர் கோதண்டராமனின் ஒலிபெருக்கி பதில் சொன்னது.

"விமானி அவர்களே! நிகழ்ச்சி நிரலில் கால்முறிவு இல்லை. சிறப்பு விருந்தினர் திண்டிவனம் தாண்டிவிட்டார். அவர் கொடியசைத்ததும் வீரர்கள் புறப்படுவார்கள்."

வீரர்கள் ஸ்ட்ரெச்சருடன் அணிவகுத்து நின்றார்கள். ஒருவரும் அசையவில்லை. இப்படியொரு கட்டுப்பாடு எந்த ராணுவத்துக்கும் வாய்த்ததில்லை.

எதிரித் தளபதி செல்லப்பன் மூங்கில் துப்பாக்கியைக் கீழே போட்டார்.

"இன்னா பாய், இப்டி வீங்கி இருக்குது?"

"தண்ணி இருக்குதா?"

"எதிரிகிட்டயா கேக்கற?"

"குடுய்யா, நாக்கு ஒட்டிக்கிச்சு."

எதிரிகள் பாராசூட்டைத் தூளியாக்கி அவரை எல்லைவரை சுமந்து வந்தார்கள். கோதண்டராமன் ஓடிவந்து மறித்தார்.

"எதிரியே கொண்டாந்து விட்டா அதுக்குப் பேரு மீட்பா? எடுத்த எடத்துலயே கொண்டுபோய் வையிங்க!"

"யோவ், ஆளு உசுரோட இருக்காரு. வாங்கிக்கய்யா."

"விருந்தினர் இப்பதான் தீவனூர் வந்திருக்காரு!"

"சார், மிஷினு மிதிக்கற காலு சார்," என்றார் தூளிக்குள்ளிருந்து மஜீத்.

"நாட்டுக்காக ஒரு அரை மணி நேரம் பொறுக்க மாட்டீங்களா பாய்?"

நாட்டுப்பற்று இல்லாத செல்லப்பன் அவரை மாட்டுவண்டியில் ஏற்றி மருத்துவமனைக்கு ஓட்டினார்.

மீட்பு நிற்கவில்லை. குழுவின் பொருளாளர் ராஜாராம் மலையடியில், நிழல் பார்த்துப் படுத்துக்கொண்டார். கொடி அசைந்தது. மீட்கப்பட்டார். பொன்னாடையும் பெற்றார்.

மாலையில் கோதண்டராமன் மருத்துவமனைக்கு வந்தார். மாவுக்கட்டைப் பார்க்காமலே பேசினார்.

"எதிரியோட ஒத்துழைச்சிட்டீங்க பாய். குழுவுக்கு ரொம்ப வருத்தம். இருந்தாலும் அடுத்த வருஷமும் நீங்கதான் விமானி."

"விழறேன் சார்," என்றார் மஜீத் பணிவாக. "ஆனா, நெசமாவே சண்ட வந்தா நம்மாளுங்க யாரும் வர வேணாம். நான் விழுந்துட்டேன்னு எதிரிக்கு மட்டும் ஒரு வார்த்த சொல்லிடுங்க."