பிறைப் பாதை

புல்வெளியின் குறுக்கே செருப்புத் தடம் ஒன்று நேராக ஓடுவதைக் கண்டதும் திட்ட அலுவலர் குனிந்து, மடங்கிய புல்லைக் கையால் நிமிர்த்திப் பார்த்தார்.

புதுக் குடியிருப்பின் வாசலிலிருந்து பஸ் நிறுத்தம் வரை, மர நிழலிலேயே பிறை போல் வளைந்து போகும் கல் பாதை ஒன்று இருக்கிறது. அவர் வரைந்தது. இத்தனை வருட வேலையில் காகிதத்தை விட்டு மண்ணில் இறங்கிய முதல் கோடு அதுதான். புல்வெளியின் நடுவில் நின்றால்தான் வளைவு முழுசாகத் தெரியும். ஜனங்கள் குடிவந்த நாள் முதல், ஆபீஸ் போகும் வழியில் இறங்கி அதை ஒருமுறை பார்க்காவிட்டால் அவருக்குப் பொழுதே விடியாது.

அடுத்த வாரம் தலைமை அதிகாரி அம்மாள் நேரில் வருகிறார். இரண்டாம் கட்ட வீடுகளுக்கு இவருடைய வரைபடமா, 'அடிஸ்கேல்' போட்டதா என்று அன்றைக்கே முடிவாகிவிடும். அடிஸ்கேல் என்பது பக்கத்து மேஜைக்காரர். அவர் வரைபடத்தில் வாய்க்கால்கூட வளையாது.

முதலில் தடத்தின் குறுக்கே கயிறு கட்டினார். மறுநாள் அதில் போர்வை தொங்கியது.

"அவுத்துடாதீங்க சார், துணி காயப்போட ரொம்ப வசதியா இருக்கு" என்றாள் அந்தக் குடியிருப்பின் கீழ்வீட்டுக்காரி ஒருத்தி.

கயிற்றை எடுத்துவிட்டு முள்செடி வைத்தார். ஜனங்கள் செடிக்கு இரண்டு பக்கமும் சுற்றிப் போனார்கள். ஒரு தடம் இரண்டானது. செடியைப் பிடுங்கிவிட்டுப் பெரிய பெஞ்சு ஒன்றைப் போட்டார். அதில் உட்கார்ந்து பேசுவதற்கென்றே அடுத்த பிளாக்கிலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். புல்லில் மூன்றாவது தடமும் விழுந்தது.

"விடுங்களேன். அவசரத்துல ஓடுறவங்களுக்கு வளைவும் நெளிவும் எதுக்கு?" என்றாள் மனைவி.

அது சுருக்கென்று தைத்தது. அழகு, வரைந்தவனுக்கு மட்டும்தானோ? மற்றவர்கள் காலுக்கு எது வேண்டும் என்று தான் ஒருநாளாவது கேட்டதுண்டா? அவருக்கு வெட்கமாக இருந்தது.

தலைமை அதிகாரி வந்தார். பெஞ்சைச் சுற்றி ஒருமுறை நடந்தார்.

"ஒரு தடம்னு சொன்னாங்க. மூணு இருக்கே?"

"அது வந்து மேடம்..."

"இழுக்காதீங்க. ஜனங்களுக்கு உங்க வளைவு பிடிக்கல. அடிஸ்கேல் போட்டதையே எடுத்துக்கலாம்."

முதல் கோடே கடைசிக் கோடாகிவிட்டது. அலுவலர் கல் பாதையைத் திரும்பிப் பார்த்தார். ஒரு சருகு கிடந்தால்கூடத் தெரியும் அளவுக்கு அது காலியாக இருந்தது.

ஈரத்துணியோடு பெஞ்சுப் பக்கம் வந்த கீழ்வீட்டுக்காரி நின்றாள்.

"பிடிக்காம என்ன மேடம்? வந்த புதுசுல நாங்க எல்லாரும் அந்த நெழல்லதான் போயிட்டு வந்தோம். இந்த சார்தான் தெனமும் பஸ்ஸ விட்டு எறங்கி, புல்லு மேலயே நேரா வந்து, புல்லு மேலயே நேரா திரும்பிப் போவாரு. பாதை போட்டவரே அதுல கால் வைக்க மாட்டேங்கிறாரே, அதுல ஏதோ கோளாறு இருக்கும்போலன்னு நாங்களும் புல்லுல எறங்கிட்டோம்!"