முன்வரிசைத் தலை

தலையாட்டி என்றொரு இனம் உண்டு. தெரியும், அதிகாரியைக் கண்டால் ஆமாம் போடுகிறவர்தானே என்று முந்திக்கொள்ளாதீர்கள். அவர் வேறு. அவருடைய ஆமாமுக்குப் பின்னால் ஒரு கணக்கு இருக்கும். நான் சொல்லும் தலையாட்டிக்கு அப்படி ஒரு கணக்கும் கிடையாது. பேசுகிறவர் மனம் நோகக்கூடாது என்ற ஒரே நல்லெண்ணத்தில், காதுக்குள் எதையும் விடாமல், கழுத்தை மட்டும் தானமாகக் கொடுக்கிற புண்ணியவான் அவர். கூட்டத்தில், ரயிலில், மருத்துவமனை பெஞ்சில், எங்கே ஒரு வாய் திறந்தாலும் அதற்கு நேர் எதிரே ஒரு தலை ஆடிக்கொண்டிருக்கும். பார்த்திருப்பீர்கள்.

ஆனால் இந்த இனத்தை அதன் முழுப் பொலிவோடு பார்க்க வேண்டுமானால் ஒரு நாள் சுற்றுலாவுக்குத்தான் போக வேண்டும். காலையில் பஸ்ஸில் ஏற்றி, மூன்று பழங்கால நகரங்களையும் இரண்டு கைத்தொழில் பட்டறைகளையும் காட்டி, நடுவில் சாப்பாடும் போட்டு, பொழுது சாயக் கொண்டுவந்து இறக்கிவிடுவார்களே, அதில் வழிகாட்டி என்று ஒருவர் வருவார். பேசுவது அவர் பிழைப்பு. இடிந்த சுவருக்கு முன்னால் நின்று அவர் வாயைத் திறந்ததும் ஒருவர் செருப்புக்குள் புகுந்த கல்லை எடுப்பார், இருவர் சுவரை மறைத்துக்கொண்டு நின்று படமெடுத்துக்கொள்வார்கள், நாலு பேர் நிழல் தேடிப் போவார்கள், மீதிப் பேர் கழிப்பறை எங்கே என்று விசாரிப்பார்கள். பாவம், அந்த மனிதர் யாரைப் பார்த்துத்தான் பேசுவது? அவர் கண் கூட்டத்தில் அலையும். அலைந்து அலைந்து கடைசியில் ஒரு தலையைக் கண்டுபிடிக்கும். அவ்வளவுதான், சாயங்காலம் வரை விடாது.

நம்மவர் அப்படிப்பட்ட தலை. பத்திரப் பதிவு அலுவலகத்தில் தலைமை எழுத்தர். நாள் முழுக்க அண்ணன் தம்பிகளின் பாகப்பிரிவினைச் சண்டையை இரண்டு பக்கமும் கேட்டு, இரண்டு பக்கமும் தலையாட்டி, இரண்டு பக்கமும் நல்ல பேர் வாங்கியவர். அவரிடம் ஆட்டங்கள் பலவகை. சோகச் செய்திக்குப் பக்கவாட்டில் ஒரு மெல்லிய ஆட்டம், வியப்புக்குப் புருவத்தோடு சேர்ந்த ஆட்டம், மீதி எல்லாவற்றுக்கும் மேலும் கீழுமாக ஒரு பொது ஆட்டம். ஆட்டம் மட்டும் போதாது என்பதும் அவருக்குத் தெரியும். சில பேர் நடுவில் நிறுத்தி, கேட்கிறோமா என்று சந்தேகமாகப் பார்ப்பார்கள். அதற்கும் அவர் ஒரு வழி வைத்திருந்தார். பேசுகிறவர் கடைசியாகச் சொன்ன சொல்லைப் பிடித்து அப்படியே திருப்பிக் கொடுத்துவிடுவார். "...அப்புறம் கிணத்த மூடிட்டாங்க சார்." "மூடிட்டாங்க! ம்." போதுமே. இதைவிடக் கவனமாக யாரால் கேட்க முடியும்?

அப்படி ஒரு சுற்றுலா நாளின் காலையில் பஸ் கிளம்பியதும், ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த அவர் மனைவி, ஒரு பள்ளிக்கூடத்தின் துணைத் தலைமையாசிரியை, கைப்பையின் வாரை விரலில் சுற்றுவதும் அவிழ்ப்பதுமாக இருந்துவிட்டுப் பேச ஆரம்பித்தாள்.

"என்னங்க, ராத்திரியே சொல்லணும்னு இருந்தேன். எனக்குத் தலைமையாசிரியை வேலை வந்திருக்கு. ஆனா நம்ம ஊர்ல இல்ல. மலைக்கு அந்தப் பக்கம். வாரம் முழுக்க அங்கயே தங்கணும், சனி ஞாயிறுதான் வீட்டுக்கு வர முடியும். எத்தனை வருஷமா நான் காத்துக்கிட்டிருந்தேன்னு உங்களுக்கே தெரியும். ஆனா நீங்க வேண்டாம்னா வேண்டாம். போகட்டுமா? திங்கக்கிழமைக்குள்ள சொல்லணுமாம்."

நம்மவர் அப்போது, முன் இருக்கையின் முதுகில் செருகியிருந்த வரைபடத்தில், மதியச் சாப்பாடு எந்த நகரத்துக்கும் எந்த நகரத்துக்கும் நடுவில் வருகிறது என்று தேடிக்கொண்டிருந்தார்.

"திங்கக்கிழமை... ம்," என்றார். தலை பொது ஆட்டம் ஆடியது.

"நிஜமாவா? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

"ம். பின்ன?"

அவள் சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். முந்தானை கண்ணுக்குப் போய்வந்தது. நம்மவர் சாப்பாட்டைக் கண்டுபிடித்துவிட்டார். இரண்டாவது நகரத்துக்குப் பிறகு.

முதல் நகரத்தில் கோட்டைச் சுவரும் ஒரு வாசலும் மிச்சம். வழிகாட்டி கழுத்தில் துண்டைச் சுற்றிய, மெல்லிய குரல்காரர்; அவருடைய கையொலிபெருக்கி கிளம்பும்போதே மக்கர் செய்துவிட்டது. அவர் கண் நம்மவரைக் கண்டது. அந்தச் சுவர் ஏன் இத்தனை காலம் நிற்கிறது, எதை எதோடு கலந்தார்கள், எப்படிக் குழைத்தார்கள் என்று அவர் நம்மவருக்காகவே விளக்கி, "எல்லாம் சுண்ணாம்பு சார்!" என்று முடித்தார்.

"சுண்ணாம்பு! அடேங்கப்பா!"

வழிகாட்டியின் முகத்தில் வெளிச்சம் வந்ததைப் பார்க்க வேண்டுமே. அதற்குப் பிறகு அவர் வேறு யாரையும் பார்க்கவில்லை. நம்மவருக்குத் தாகம் எடுத்தது, தண்ணீர்க் குழாய் பத்தடியில் இருந்தது, போக முடியவில்லை. இடது பக்கம் நகர்ந்தால் பேச்சும் இடது பக்கம் நகர்ந்தது. ஒரு நிமிடம் கழுத்தை நிறுத்திப் பார்த்தார். வழிகாட்டியின் குரல் அப்படியே சுருதி இறங்கி, முகம் வாடிப்போயிற்று. பாவமாயிருந்தது. மறுபடி ஆட்டினார். இந்த இனத்தின் சாபமே அதுதான். ஆரம்பிப்பது சுலபம், நிறுத்தத்தான் மனசு வராது.

மனைவி கொஞ்சம் தள்ளி, பக்கவாட்டில் நின்றிருந்தாள். முதலில் சுவரைப் பார்த்தாள். பிறகு கணவனைப் பார்த்தாள். அவர் கண் கோட்டைக்கு மேலே பறக்கும் ஒரு கழுகில் இருப்பதையும் கழுத்து மட்டும் வழிகாட்டியிடம் இருப்பதையும் பார்த்தாள். அதற்குப் பிறகு அவள் சுவரைப் பார்க்கவே இல்லை. நம்மவர் இதைக் கவனித்தாரா? கவனித்தால் அவர் எப்படித் தலையாட்டியாக இருக்க முடியும்?

அடுத்தது செம்புப் பட்டறை. வரிசையாக உட்கார்ந்து சுத்தியலால் தகட்டைத் தட்டித் தட்டிக் குடமாக்குகிறார்கள். அந்தச் சத்தத்தில் பக்கத்தில் வெடி வெடித்தாலும் தெரியாது. வழிகாட்டியின் வாய் மட்டும் திறந்து மூடியது. எல்லாரும் காதைப் பொத்திக்கொண்டார்கள். நம்மவர் தலையாட்டினார். சரியான இடத்தில் புருவத்தைத் தூக்கினார். ஒரு இடத்தில் சிரிக்கவும் செய்தார், வழிகாட்டியும் சிரித்தார். உள்ளபடியே அங்கே ஒரு நகைச்சுவை வந்திருக்க வேண்டும். கலை என்றால் இதுவல்லவா கலை!

இரண்டாவது நகரம் முழுக்கத் தெருக்கள். ஒவ்வொரு தெருவுக்கும் நடுவே ஒரு பள்ளம் ஓடுவதைக் காட்டி வழிகாட்டி வெகுநேரம் உருகி, "இதுதான் வடிகால்" என்றார். "வடிகால்! ம்ம்" என்றார் நம்மவர். அதற்குப் பிறகு சாப்பாடு. மனைவி வேகமாகச் சாப்பிட்டுவிட்டு, கைபேசியை எடுத்துக்கொண்டு ஒரு மரத்தடிக்குப் போய் வெகுநேரம் பேசினாள். திரும்பி வந்து, "பேசிட்டேன்" என்றாள்.

"பேசிட்டே. ம். இன்னொரு அப்பளம் கேக்கலாமா?"

அவள் அவரை ஒரு பார்வை பார்த்தாள். வகுப்பில் பாதி மாணவர்கள் அந்தப் பார்வைக்கு எழுந்து நின்றுவிடுவார்கள். நம்மவர் அப்பளம் கேட்டார்.

சாயப் பட்டறையில் விஷயம் கொஞ்சம் கை மீறியது. அவுரி இலையைத் தொட்டியில் ஊறப்போட்டு என்ன செய்கிறார்கள் என்பதை வழிகாட்டி தேய்ந்துபோன குரலில் சொல்லி, "...நல்லா புளிக்க வைக்கணும்" என்று முடித்தார். "புளிக்க வைக்கணும்! ம்" என்று நம்மவர் திருப்பிக் கொடுத்த சூட்டோடு, பக்கத்தில் நின்ற சாயக்காரர், "கையை விட்டுப் பாக்கறீங்களா சார்? ஒரு வாரத்துக்குப் போகாது" என்று கேட்டார். தலை அப்போதும் ஆடிக்கொண்டிருந்தது. ஓடுகிற வண்டி எங்கே உடனே நிற்கும்? சாயக்காரர் அன்போடு அவர் கையைப் பிடித்து முழங்கை வரை முக்கி எடுத்தார். வெளியே வந்தபோது பச்சையாக இருந்த கை, எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே நீலமாயிற்று. பஸ்ஸே கைதட்டியது. மனைவி மட்டும் தட்டவில்லை.

மூன்றாவது நகரத்தில் வழிகாட்டியின் தொண்டை அடியோடு கட்டிக்கொண்டது. ஒரு பெரிய மேடையும் படிகளும் தூண்களும் இருக்கிற இடம். அவர் மேடையேறினார், வாயைத் திறந்தார், வெறும் காற்றுதான் வந்தது. கெஞ்சுகிற கண்ணோடு கூட்டத்தைப் பார்த்தார். கடைசியில் காற்றையே சொல்லாக்கிக் கிசுகிசுத்தார்.

"மன்னிக்கணும். இந்த இடத்தப் பத்தி வர்ற வழியில பஸ்லயே எல்லாம் சொல்லிட்டேன். காலையிலேர்ந்து ஒரு வார்த்தை விடாம கேட்டவர் சார் ஒருத்தர்தான். மிச்சத்த சாரே உங்களுக்குச் சொல்லுவார். சொல்றீங்களா சார்?"

தலை என்ன செய்திருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

அடுத்த கணம் நம்மவர் மேடையில் நின்றார். நீலக் கை தானாக ஒரு தூணைக் காட்டியது. அவர் மனதைத் துழாவினார். காலையிலிருந்து கேட்ட அத்தனை பேச்சிலும் அவரிடம் மிச்சம் இருந்தது வாக்கியத்துக்கொரு வால். வால்களை வைத்துக்கொண்டு ஒரு மாட்டை உண்டாக்க வேண்டும்.

"இது வந்து... சுண்ணாம்பு," என்றார். தொண்டையைச் செருமினார். "அந்தக் காலத்துல சுண்ணாம்ப சும்மா பூச மாட்டாங்க. நல்லா புளிக்க வைக்கணும். புளிக்க வெச்சு... வடிகால்ல விடுவாங்க."

"எதுக்கு சார்?" என்றார் பின்னாலிருந்து ஒரு தொப்பிக்காரர்.

"பாதுகாப்புக்கு."

"எந்தக் காலத்துல சார்?"

"அது இன்னும் ஆராய்ச்சியில இருக்கு."

தொப்பிக்காரர் தலையாட்டினார். "ஆராய்ச்சியில இருக்கு! ம்" என்றார்.

நம்மவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. நிமிர்ந்து பார்த்தார். தொப்பிக்காரர் ஒருவர் மட்டுமல்ல. காலையில் கல்லெடுத்தவரும் நிழல் தேடியவர்களும் படமெடுத்தவர்களும், மேடையில் நிற்பது வழிகாட்டி இல்லை, தங்களில் ஒருவர்தான் என்பதாலோ என்னவோ, பரிதாபப்பட்டுத் தலையாட்டிக்கொண்டிருந்தார்கள். மேலும் கீழும், மேலும் கீழும். கண்களைப் பார்த்தார். ஒரு கண்ணில்கூட ஆள் இல்லை. வாழ்நாள் முழுக்க அவர் கொடுத்துவந்த பொருளை முதல் தடவையாக வாங்கிக்கொள்கிற பக்கத்தில் நின்று பார்த்தார். அதில் ஒன்றுமே இருக்கவில்லை. காலையிலிருந்து தனக்குக் கிடைத்ததும் இதுதான் என்று மேடையோரம் நின்ற வழிகாட்டிக்கும் புரிந்துவிட்டது. கழுத்துத் துண்டை இறுக்கிக்கொண்டார். நம்மவருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது.

அந்தக் கூட்டத்தில் ஆடாமல் இருந்தது ஒரே ஒரு தலை. மனைவியுடையது.

அவர் ஒரு வழியாக, "அவ்வளவுதான்" என்று சொல்லி இறங்கினார். "அவ்வளவுதான்! ம்" என்றது கூட்டம்.

திரும்பும் வழியில் பஸ் பாதி தூங்கியது. மனைவி நேராகப் பார்த்தபடி கேட்டாள்.

"காலையில நான் உங்ககிட்ட என்ன கேட்டேன்?"

"திங்கக்கிழமை."

"திங்கக்கிழமை என்ன?"

தலை ஆடக் கிளம்பியது. அவர் நீலக் கையால் மோவாயைப் பிடித்து நிறுத்தினார். "கேக்கல," என்றார். "தப்புதான். இன்னொரு தடவை சொல்லேன்."

"முதல் கோட்டையிலயே தெரிஞ்சுபோச்சு எனக்கு. வகுப்புல இந்த மாதிரித் தலைய போர்டுலேர்ந்தே பிடிச்சிருவேன். வீட்ல அடுப்பப் பாத்துக்கிட்டே பேசுவேனா, அதான் இத்தனை வருஷமா ஏமாந்திருக்கேன். அழுகையா வந்துது. அப்புறம் கோவம் வந்துது. சாப்பிட்டதும் போன் பண்ணி, வரேன்னு சொல்லிட்டேன்."

"எங்க வரே?"

அவள் சொன்னாள். தலைமையாசிரியை வேலை, மலைக்கு அந்தப் பக்கம், வாரம் முழுக்க அங்கேயே தங்கல். காலியான வீடும் தானே வடிக்க வேண்டிய சோறும் வரிசையாக நம்மவர் கண்முன் வந்துபோயின.

"என்கிட்ட கேக்காமயா?"

"கேட்டேனே. தலையாட்டினீங்களே. நல்லா யோசிச்சுச் சொல்லுங்கன்னுகூடச் சொன்னேன். அதுக்கும் ஆட்டினீங்க."

அவர் அவள் பக்கம் திரும்பி உட்கார்ந்தார். பிறகு மெதுவாக, "அந்தப் பள்ளிக்கூடம் எப்படி? உனக்குப் பிடிச்சிருக்கா?" என்று கேட்டார்.

அவர் அவளிடம் எதையாவது கேட்டு எத்தனை காலமாயிற்று என்று அவளுக்கே நினைவில்லை. சொல்ல ஆரம்பித்தாள். பள்ளியின் ஓட்டுக் கட்டடம், ஆளில்லாத ஆய்வுக்கூடம், அங்கே அவள் செய்ய நினைத்திருக்கும் காரியங்கள், பயங்கள், எல்லாம். அவர் அவள் முகத்தையே பார்த்தபடி கேட்டார். கழுத்து அசையவில்லை. கொஞ்ச நேரத்தில் அவள் பாதியில் நிறுத்திவிட்டாள்.

"கேக்கறீங்களா, இல்லையா?"

"ஒவ்வொரு வார்த்தையும் கேக்கறேன்."

"அப்படின்னா கொஞ்சம் தலையாவது ஆட்டுங்களேன். செவுத்துக்கிட்ட பேசற மாதிரி இருக்கு."

சிரிக்கிறீர்கள். நல்லது, சிரியுங்கள். நானும் உங்கள் தலையைப் பார்த்துக்கொண்டுதான் வருகிறேன், சுண்ணாம்பு வந்த இடத்தில் ஒரு தடவை ஆடியது, செம்புப் பட்டறையில் ஒரு தடவை. அது எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் நடுவில், நீங்கள் சாயப் பட்டறையில் இருந்தபோது, பக்கத்து அறையிலிருந்து உங்களை ஒருவர் ஏதோ கேட்டார். நீங்கள் புத்தகத்திலிருந்து கண்ணை எடுக்காமல் "ம்" என்றீர்கள்.

புத்தகத்தை வைத்துவிட்டு எழுந்து போய், என்ன கேட்டார் என்று விசாரித்துவிடுங்கள். அவர் கையில் போன் இருக்கிறதா என்றும் பாருங்கள்.